'தா' என்று கேட்கும் ஜனநாயகம்: வில்லியம் கானலியின் தாராளம்

வில்லியம் கானலி 1991இல் வெளியிட்ட 'அடையாளம், வேறுபாடு' என்ற நூலில் ஓர் அத்தியாயம் கடிதமாக எழுதப்பட்டிருக்கிறது. கடிதத்தைப் பெறுபவர் கி.பி. 430இல் மறைந்த, வட ஆப்பிரிக்காவில் ஆயராக இருந்த கிறித்தவச் சிந்தனையாளர் புனித அகஸ்டீன். எழுதுபவர் அமெரிக்காவின் ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழகத்தில் அரசியல் தத்துவம் கற்பித்தவர், கடவுள் நம்பிக்கை இல்லாதவர். பதினைந்து நூற்றாண்டுகளைத் தாண்டி ஒரு நாத்திகர் ஓர் ஆயருக்குக் கடிதம் எழுதினால் அது குற்றப்பத்திரிகையாக இருக்கும் என்றுதான் நினைப்போம். குற்றச்சாட்டு இருக்கவே செய்கிறது. ஆனாலும் அகஸ்டீனை அவர் காலாவதியான ஆளாக நடத்துவதில்லை. இன்றைய மதச்சார்பற்ற மனிதனுக்குள்ளும் உட்கார்ந்து தீர்ப்புச் சொல்லிக்கொண்டிருக்கும் ஒருவராக, பதில் சொல்லத் தகுதியுள்ள எதிர்வாதியாகவே நடத்துகிறார். கானலியின் அரை நூற்றாண்டுச் சிந்தனைக்குள் நுழைய இந்தக் கடிதத்தைவிடப் பொருத்தமான வாசல் எனக்குத் தெரியவில்லை.

அகஸ்டீனை வாட்டிய கேள்வி பழையது. கடவுள் நல்லவர், எல்லாம் வல்லவர் என்றால் தீமை எங்கிருந்து வந்தது? இளமையில் அவர் மானி சமயத்தைப் பின்பற்றினார். ஒளிக்கு ஒரு சக்தி, இருளுக்கு ஒரு சக்தி என்று அங்கே விடை தயாராக இருந்தது. கிறித்தவத்துக்கு வந்தபின் அந்த விடை செல்லாமல் போயிற்று. கடவுள்மீது பழி விழக் கூடாது என்பதால் தீமைக்கான பொறுப்பு மனிதனின் சுதந்திர விருப்பத்தின்மீது ஏற்றப்பட்டது. இதுதான் தீமையைப் பற்றிய முதல் சிக்கல் என்கிறார் கானலி. அவர் நம்மைப் பார்க்கச் சொல்வது இரண்டாவது சிக்கலை. முதல் கேள்விக்குக் கண்டுபிடித்த விடை ஆட்டம் காணாமல் நிற்க வேண்டுமென்றால், அதை ஏற்காதவர்கள் நேர்மையாகவே வேறுவிதமாக நினைக்கிறார்கள் என்று ஒப்புக்கொள்ள முடியாது. அவர்கள் பிழைபட்டவர்களாக, கெட்டவர்களாக, நோயுற்றவர்களாகக் காட்டப்பட்டாக வேண்டும். மனிதன் தன் விருப்பத்தின் பலத்தால் நல்வழியில் நிற்க முடியும் என்ற பெலாஜியஸின் போதனையோடு அகஸ்டீன் இடைவிடாது மோதினார். வட ஆப்பிரிக்கத் திருச்சபையிலிருந்து பிரிந்து நின்ற டொனாட்டஸ் வழியினரை அரசின் கட்டாயத்தால் திருச்சபைக்குள் கொண்டுவருவதைக் கடைசியில் நியாயப்படுத்தினார். தீமையை விளக்கப் புறப்பட்ட சிந்தனை தன் பங்குக்கு ஒரு தீமையைப் பெற்றெடுத்தது.

இதைக் கானலி கிறித்தவத்தின் தனிக் குற்றமாக முடித்துவிடவில்லை. நான் இன்னார் என்று சொல்ல, இன்னார் இல்லை என்றும் சொல்லியாக வேண்டியிருக்கிறது. அடையாளம் வேறுபாட்டின்மீதுதான் ஊன்றி நிற்கிறது. அதுவரை ஆபத்து ஒன்றுமில்லை. என் வாழ்க்கைமுறை பலவற்றுள் ஒன்று என்ற நினைப்பு எனக்குள் நடுக்கத்தை உண்டாக்கும்போதுதான் ஆபத்து தொடங்குகிறது. நடுக்கத்தை அடக்க, வேறாக இருப்பதைக் கேடாக மாற்றிவிடுகிறேன். தேசம், இனம், பாலியல்பு, 'இயல்பான' குடும்பம் என்று எதன் பெயராலும் இது நடக்கும். பகுத்தறிவின் பெயராலும் நடக்கும். இறைநம்பிக்கையாளர்களை எல்லாம் மூடர்கள் என்று ஒதுக்கிவிட்டு நிம்மதி அடையும் நாத்திகரும் இதே வேலையைத்தான் செய்கிறார். அகஸ்டீனுக்குக் கடிதம் எழுதியவர் அதே கண்ணாடியைத் தம் பக்கமும் திருப்பியதால்தான் அவர்மேல் எனக்கு நம்பிக்கை பிறந்தது.

இதற்கு மாற்றாக அவர் முன்வைப்பது தாராள மனம். இந்தச் சொல்லில் சற்று நிற்க வேண்டும், தமிழில் இது எளிதில் வழிமாறிப் போகும் சொல். ஈகை, கொடை, வள்ளன்மை என்று நமக்குச் சொற்களுக்குப் பஞ்சமில்லை. அவை எல்லாவற்றிலும் ஒரு கை மேலேயும் ஒரு கை கீழேயும் இருக்கிறது. தொல்காப்பியத்தின் சொல்லதிகாரம் கேட்பதற்குரிய சொற்களை மூன்றாகப் பிரிக்கிறது. தாழ்ந்தவன் உயர்ந்தவனிடம் 'ஈ' என்பான், ஒத்தவன் ஒத்தவனிடம் 'தா' என்பான், உயர்ந்தவன் 'கொடு' என்பான். அரசியலில் நாம் பெருமையாகப் பேசும் சகிப்புத்தன்மையை இந்த அளவுகோலில் வைத்துப் பார்த்தால் அது முதல் வகையில் விழுகிறது. பெரும்பான்மை நடுவில் சாய்ந்து உட்கார்ந்திருக்கிறது. ஓரத்தில் நிற்பவருக்கு 'நீயும் இருந்துகொள்' என்று இடம் ஈகிறது. ஈந்ததைத் திரும்பப் பெறும் உரிமையையும் தன்னிடமே வைத்துக்கொள்கிறது. சகிப்பை இந்தக் காரணத்தால்தான் கானலி போதாது என்கிறார். அவர் தேடுவது 'தா' என்று இருவரும் ஒருவரையொருவர் கேட்டுக்கொள்ளும் உறவை.

அங்கே கைமாறுவது என்ன? என் ஆழ்ந்த நம்பிக்கையை நீ மறுக்கலாம். உன் மறுப்புக்குக் காரணம் உன் அறியாமையோ கெட்ட எண்ணமோ என்று நான் முடிவுகட்ட மாட்டேன். என் நம்பிக்கையை நான் கைவிடவும் மாட்டேன். நீயும் எனக்கு இதையே தா. இந்த உறவுக்குக் கானலி வைத்த பெயரில் 'அகோன்' என்ற கிரேக்கச் சொல் இருக்கிறது. வீரர்கள் பொருதும் போட்டியைக் குறிக்கும் சொல் அது. தமிழில் இதைக் களத்து மரியாதை என்று சொல்லலாம். களத்தில் எதிரே நிற்பவனோடு முழு பலத்தையும் காட்டி மோதுகிறோம், அவன் இல்லாவிட்டால் ஆட்டமே இல்லை என்பதும் தெரிந்திருக்கிறது. சண்டை முடிந்தபின் வரும் சமாதானத்தை அவர் பேசவில்லை. அவர் சொல்லும் மரியாதை மோதலுக்கு உள்ளேயே இருந்தாக வேண்டும்.

2005இல் வந்த 'பன்மைத்துவம்' என்ற நூலில் இதைக் குடிமகனின் ஈரவை மனம் என்று விளக்குகிறார். நாடாளுமன்றத்தில் இரண்டு அவைகள் இருப்பதுபோல, ஒவ்வொருவர் மனத்திலும் இரண்டு அறைகள். ஒன்றில் என் நம்பிக்கை முழு உரிமையோடு வசிக்கிறது. மற்றொன்றிலிருந்து பார்க்கும்போது, அதை ஏற்காத ஒருவருக்கு அது எப்படித் தெரியும் என்பது எனக்குத் தெரிகிறது. இரண்டு அறைகளுக்கும் இடையே கதவு திறந்திருக்க வேண்டும். இதைச் சார்புவாதம் என்று சிலர் தள்ளிவிடுகிறார்கள். எதை வேண்டுமானாலும் நம்பலாம், எல்லாம் ஒன்றே என்பவனுக்கு முதல் அறையே கிடையாது. கானலி சொல்வதில் இரண்டு அறைகளும் உண்டு, அதனால்தான் அதில் வலியும் உண்டு.

இவ்வளவு எளிதாகச் சொல்லக்கூடிய ஒன்று ஏன் அரிதாகவே நடக்கிறது? அதற்கு விடை தேடிக் கானலி ஜெர்மானியத் தத்துவவாதி நீட்சேயிடம் போகிறார். ஜனநாயகத்தை வெறுத்தவரிடமிருந்து ஜனநாயகத்துக்கு மருந்து எடுக்கும் துணிச்சல் இது. கடந்துபோன காலத்தை மாற்ற முடியாத இயலாமை மனித மனத்தில் பழிவாங்கும் உணர்வாகப் புளித்துவிடுகிறது என்றார் நீட்சே. நாம் சாகப் போகிறோம். நல்லவர்களுக்கும் துன்பம் வருகிறது. உலகம் நமக்காகப் படைக்கப்பட்டது என்பதற்கு உத்தரவாதம் இல்லை. இதை யாரிடம் போய் முறையிடுவது? முறையிட ஆள் கிடைக்காத மனம், கைக்கு எட்டும் தூரத்தில் இருக்கும் ஒருவரைப் பிடித்துக்கொள்கிறது. வந்தேறியாக, வேற்று மதத்தவராக, வேறு விதமாகக் காதலிப்பவராக அவர் இருந்தால் போதும். இருப்பின் மீதான இந்த வன்மத்தைக் கானலி அரசியலின் மறைந்த எரிபொருளாகக் காண்கிறார். அதே நீட்சேயின் நூல் நாயகன் ஜரதுஷ்டிரன் புகழ்கிற கொடுக்கும் பண்பு, நிறைவிலிருந்து வழியும் ஈரம், மறுமுனையில் இருக்கிறது. நீட்சே அதைத் தனித்து உயர்ந்த சிலருக்கு உரியதாக வைத்தார். கானலி அதை மேட்டிலிருந்து இறக்கிச் சாதாரணக் குடிமக்களுக்கு இடையே வைக்கிறார்.

வாழ்க்கைமீது ஏற்கெனவே இருக்கும் பற்று, உலகத்தின் வளம் கண்டு எழும் நன்றியுணர்வு, இதுதான் அவருடைய அறத்தின் ஊற்று. கட்டளையிலிருந்து அறத்தைத் தொடங்கும் மரபோடு அவர் பிரியும் இடமும் இதுவே. ஆனாலும் இந்த நன்றியுணர்வுக்கு நாத்திகம் தேவை என்று அவர் சொல்லவில்லை. கத்தோலிக்கரான கனடியத் தத்துவவாதி சார்ல்ஸ் டெய்லரோடு அவர் நீண்டகாலமாக உரையாடியிருக்கிறார். ஒருவர் என்ன கொள்கையை ஏற்கிறார் என்பதும், அதை எந்த மனநிலையோடு சுமக்கிறார் என்பதும் வேறு வேறு. ஒரே கோட்பாட்டை ஒருவர் கனிவோடும் இன்னொருவர் கசப்போடும் ஏந்திச் செல்ல முடியும்.

இந்த நோக்கிலிருந்துதான் 1999இல் 'நான் ஏன் மதச்சார்பின்மைவாதி அல்ல' என்ற நூல் வந்தது. தலைப்பு பெர்ட்ரண்ட் ரஸ்ஸலின் புகழ்பெற்ற 1927ஆம் ஆண்டு உரையான 'நான் ஏன் கிறித்தவன் அல்ல' என்பதை நினைவூட்டுவது. தலைப்பை மட்டும் படித்தவர்கள் மத ஆட்சிக்கு ஆதரவான நூல் என்று தவறாக நினைக்கக்கூடும். கானலியின் குறி வேறு. அமெரிக்கத் தத்துவவாதி ஜான் ரால்ஸ் 1993இல் வெளியிட்ட 'அரசியல் தாராளவாதம்' நூலில், அடிப்படையான பொதுப் பிரச்சினைகளைப் பேசும்போது எல்லாக் குடிமக்களும் ஏற்கக்கூடிய காரணங்களைச் சொல்ல வேண்டும், வாழ்வின் இறுதிப் பொருள் பற்றிய நம்பிக்கைகளை மட்டும் நம்பி வாதாடக் கூடாது என்று வரையறுத்தார். இது நல்லெண்ணத்தில் போடப்பட்ட விதி. மதப் போர்களின் நினைவு அதற்குப் பின்னால் இருக்கிறது. ஆனால் நம்பிக்கை என்பது வாசலில் கழற்றி மாட்டிவிட்டு உள்ளே போகிற மேலங்கியா என்பதே கானலியின் கேள்வி. பக்தர் தன் நம்பிக்கையை வெளியே விடும்படி கேட்கப்படுகிறார். மதச்சார்பற்றவரோ தன் நம்பிக்கையைப் பொது அறிவு என்ற பெயரில் உள்ளே கொண்டுவருகிறார், தாம் ஒன்றைக் கொண்டுவந்திருப்பதே அவருக்குத் தெரிவதில்லை. இருவரும் தத்தம் நம்பிக்கையோடே உள்ளே வரட்டும் என்கிறார் கானலி. அது மறுக்கப்படத்தக்கது என்ற அடக்கத்தையும் கூடவே கொண்டுவரட்டும்.

ரால்ஸ் மீதான இன்னொரு குறை உடலைப் பற்றியது. கானலியின் எழுத்தில் மிக வளமான பகுதி என்று நான் கருதுவது இதைத்தான். ஒரு விவாதத்தை நினைத்துப் பாருங்கள். எதிரே இருப்பவர் இன்னும் வாக்கியத்தை முடிக்கவில்லை. அதற்குள் உங்கள் அடிவயிறு இறுகிவிட்டது, தாடை கெட்டிப்பட்டுவிட்டது. வாதம் அதற்குப் பிறகுதான் வருகிறது, இறுகிய வயிற்றுக்குக் காரணம் தேடிக்கொண்டு. சிந்தனைக்கு அடியில் ஓடும் இந்தக் குடல்மட்டத்தை அரசியல் தத்துவம் கண்டுகொள்ளாமல் விட்டுவிட்டது என்பது கானலியின் குற்றச்சாட்டு. 2002இல் 'நரம்பரசியல்' என்ற நூலில் அவர் மூளை ஆய்வுகளுக்குள்ளேயே இறங்கினார். தமிழ்நாட்டில் பிறந்த நரம்பியல் அறிஞர் வி. எஸ். ராமச்சந்திரனின் ஆய்வுகள் அங்கே முக்கிய இடம் பெறுகின்றன.

கை துண்டிக்கப்பட்ட ஒருவர். இல்லாத கை இன்னும் இருப்பதாகவே அவருக்குத் தோன்றுகிறது. அதுமட்டுமில்லை, அந்தக் கையின் விரல்கள் இறுக மூடியிருக்கின்றன, நகங்கள் உள்ளங்கையில் பதிகின்றன, வலி தாங்க முடியவில்லை. கை இல்லை என்பது அவருக்கு நன்றாகத் தெரியும். அந்த அறிவால் வலி குறையவில்லை. ராமச்சந்திரன் நடுவில் கண்ணாடி நிறுத்திய ஒரு பெட்டியைச் செய்தார். நல்ல கையை உள்ளே விட்டுக் கண்ணாடியைப் பார்த்தால், இழந்த கை திரும்பி வந்ததுபோல் பிம்பம் தெரியும். நல்ல கையின் விரல்களை மெல்ல விரிக்கும்போது கண்ணாடிக்குள் இருக்கும் கையும் விரிகிறது. சிலருக்கு, இறுகிக் கிடந்த அந்த இல்லாத கையும் அப்போது விரிந்தது. வலி தளர்ந்தது.

வாதத்தால் தொட முடியாத இடத்தை ஓர் எளிய உத்தி தொட்டுவிடுகிறது. கானலி இதிலிருந்து எடுத்துக்கொள்வது இதுதான். வன்மமும் இப்படி மூடிய கை போன்றது. 'நீ நினைப்பது தவறு' என்று நிரூபிப்பதால் மட்டும் அது விரிவதில்லை. தன்மேல் தானே மெல்லச் செய்துகொள்ளும் பயிற்சிகள் வேண்டும். இங்கே அவர் பிரெஞ்சுச் சிந்தனையாளர் ஃபூக்கோவின் தன்னைப் பேணும் கலையைத் துணைக்கு அழைக்கிறார். கூட்டாகச் செய்யும் வேலையும் வேண்டும். வழிபாட்டுக் கூடத்து உரை, திரைப்படம், வகுப்பறை, தொழிற்சங்கக் கூட்டம், நண்பர்களின் பேச்சு, இவை எல்லாம் மக்களின் குடல்மட்டத்தைத் தினந்தோறும் வடித்துக்கொண்டிருக்கின்றன. இதற்கு அவர் நுண்ணரசியல் என்று பெயர் வைக்கிறார். வெறுப்பை விதைப்பவர்கள் இந்தக் கலையில் எப்போதோ தேர்ந்துவிட்டார்கள். 2008இல் எழுதிய நூலில், அமெரிக்காவின் நற்செய்திக் கிறித்தவ வலதுசாரிகளும் கட்டற்ற முதலாளியமும் கொள்கையில் பெரிதும் வேறுபட்டிருந்தும் எப்படி ஒன்றாகச் சேர்ந்தன என்று ஆராய்கிறார். ஒன்று மற்றொன்றை ஏமாற்றவில்லை. எதிர்காலத்தின்மீதும் மாறுபட்டவர்கள்மீதும் இரண்டுக்கும் ஒரே விதமான கடுகடுப்பு இருந்தது. அந்தச் சுருதி ஒத்துப்போனது.

களத்து மரியாதை ஏற்கெனவே அரங்கில் இடம்பிடித்த தரப்புகளுக்கு இடையே நடப்பது. இன்னும் பெயர்கூடக் கிடைக்காத கோரிக்கைகளுக்கு என்ன வழி? 1995இல் வந்த 'பன்மையாக்கத்தின் மனப்பாங்கு' இந்தக் கேள்வியைத்தான் பிடித்துக்கொள்கிறது. ஏற்கெனவே இருக்கும் பன்மையைப் பாராட்டுவது எளிது. அந்தப் பன்மையே புதிதாக முளைப்பதை அழிக்கக்கூடும். ஒருகாலத்தில் அடிமை முறைக்கு எதிரான குரலும், பின்னர் தன்பாலீர்ப்பாளர்களின் குரலும், உரிமைக் கோரிக்கையாகவே பலர் காதில் விழவில்லை. குற்றமாக, நோயாக, கிறுக்காகத்தான் விழுந்தன. நீதி மறுக்கப்பட்டது என்று சொல்வதற்குக்கூட முதலில் நீதியின் கணக்கில் பெயர் இருக்க வேண்டும். இந்தக் கோரிக்கைகள் அந்தக் கணக்குக்கே கீழே கிடந்தன.

அவர் எடுத்துக்கொள்ளும் ஓர் உதாரணம், தீராத நோயாளி மருத்துவரின் உதவியோடு சாகும் உரிமை. இந்தக் கோரிக்கையை முதன்முதலாகக் கேட்கும் பக்தர் ஒருவருக்கு உடல் சிலிர்க்கிறது. உயிர் கடவுளுடையது. ஆனால் கேட்பவரின் கண்களில் தெரியும் களைப்பையும் அவர் பார்க்கிறார். தீர்ப்பை உடனே சொல்லாமல், 'தற்கொலை', 'கொலை' என்ற தன் சொற்களுக்குள் இந்த மனிதரின் நிலை அடங்குகிறதா என்று யோசிக்கத் தொடங்குகிறார். கடைசியில் அவர் உடன்படாமலேயே போகலாம். ஆனால் கேட்கும் வேளையில் தம் அளவுகோலையும் எடுத்துச் சோதித்துப் பார்த்துவிட்டார். இப்படி, வந்த கோரிக்கையைத் தன் பழைய தராசில் மட்டும் நிறுக்காமல் தராசையே திருத்தத் தயாராக இருப்பதை விழிப்போடு செவிசாய்த்தல் எனலாம். விழிப்பு என்ற சொல் அங்கே சும்மா இல்லை. புதிதாக வருவதெல்லாம் நல்லதாகிவிடாது. புதிய வெறுப்புகளும் புதிதாகத்தான் பிறக்கின்றன. பிறரை நசுக்கித் தன்னை நிறுவ முயலும் இயக்கத்தை எதிர்க்க வேண்டும் என்பதில் கானலிக்குத் தயக்கமே இல்லை.

எதிர்ப்புகளில் இரண்டு கனமானவை. பெல்ஜிய அரசியல் சிந்தனையாளர் ஷாந்தால் மூஃபும் ஜனநாயகத்தைப் போட்டிக்களமாகவே பார்ப்பவர். எதிரியை அழிக்கப்பட வேண்டியவராகப் பார்க்காமல் எதிர்த்தரப்பாகப் பார்க்க வேண்டும் என்பது வரை இருவரும் கூட்டாளிகள். ஆனால் அரசியல் என்றால் ஓரிடத்தில் எல்லைக்கோடு போட்டு முடிவெடுத்தாக வேண்டும், மனப்பாங்கை வளர்ப்பது அதற்கு ஈடாகாது என்கிறார் மூஃப். கானலி முடிவெடுக்கும் தருணங்களைப் போதுமான அளவு பேசவில்லை என்பது உண்மைதான். ஆனால் மனப்பாங்கு இல்லாத இடத்தில் எல்லைக்கோடு எவ்வளவு வேகமாகக் கொலைக்கோடாக மாறுகிறது என்பதற்கு வரலாற்றில் சாட்சிகள் குறைவில்லை. இந்த வழக்கில் நான் கானலியின் பக்கம்.

இரண்டாவது கேள்வியில் அவ்வளவு உறுதியாக நிற்க என்னால் முடியவில்லை. முதலில் யார் தாராளமாக இருக்க வேண்டும்? அடித்தவனும் அடிபட்டவனும் ஒரே அளவில் கதவைத் திறந்து வைக்க வேண்டுமா? 'தா' என்பது ஒத்தவர்களின் சொல் என்றால், ஒப்பு இல்லாத இடத்தில் அந்தச் சொல்லைப் பேசச் சொல்வதே ஒரு சுமைதான். கானலிக்கு இது தெரியாமல் இல்லை. பொருளாதார ஏற்றத்தாழ்வைக் குறைக்காமல் பன்மைத்துவம் நிற்காது என்று அவர் திரும்பத் திரும்ப எழுதுகிறார். முதல் அடியை வலுவான இடத்தில் இருப்பவரே வைக்க வேண்டும் என்று அவர் இன்னும் உரத்துச் சொல்லியிருக்கலாம்.

அவர் 1938இல் பிறந்தவர், மிச்சிகன் மாநிலத்தின் ஃப்ளின்ட் நகரில் வளர்ந்தவர். அது கார் தொழிற்சாலைகளின் ஊர். அவர் பிறப்பதற்குச் சற்று முன்பு, 1936 டிசம்பர் கடைசியிலிருந்து 1937 பிப்ரவரி வரை 44 நாட்கள், ஜெனரல் மோட்டார்ஸ் தொழிலாளர்கள் ஆலைக்குள்ளேயே அமர்ந்து வேலைநிறுத்தம் செய்து தங்கள் சங்கத்துக்கு அங்கீகாரம் பெற்றார்கள். பின்னர் அந்த ஊரின் ஆலைகள் பல ஒவ்வொன்றாக மூடப்பட்டன. வெள்ளையினத் தொழிலாளர்களின் ஒரு பகுதி கசப்புக்குள் இறங்குவதைக் கானலி 1995ஆம் ஆண்டு நூலிலேயே கவனித்து எழுதினார். சிறுபான்மையினர், பெண்கள், தன்பாலீர்ப்பாளர்கள் ஆகியோரின் உரிமைகளுக்காக நின்ற முற்போக்காளர்கள், வேலையும் மதிப்பும் சேர்ந்து போய்க்கொண்டிருந்த இந்தத் தொழிலாளர்களிடம் பேசுவதைக் கைவிட்டார்கள். கைவிடப்பட்ட கோபத்துக்கு வேறொருவர் முகவரி எழுதிக் கொடுத்தார்.

டிரம்ப் பதவியேற்ற 2017இல் அவர் ஒரு சிறிய நூல் எழுதினார். பாசிசத்தை நோக்கி விழையும் அரசியலைப் பற்றியது. டிரம்பின் மேடைப்பேச்சை ஹிட்லரின் பேச்சு உத்திகளோடு ஒப்பிட்டு, இரண்டும் ஒன்றே என்று சொல்லாமல், குரலும் சைகையும் திரும்பத் திரும்பச் சொல்வதும் கூட்டத்தின் உடல்களுக்குள் எப்படி இறங்குகின்றன என்று காட்டுகிறார். அந்த இயக்கத்தைத் தளராமல் எதிர்க்கச் சொல்லும் அதே நூல், அதன் பின்னால் போன தொழிலாளியின் குறையைக் கேட்கவும் சொல்கிறது. அந்தத் தொழிலாளியின் பிள்ளைக்குக் கல்வி, அவருக்கு வேலைப் பாதுகாப்பு, முதுமைக்கு ஓய்வூதியம் ஆகியவற்றைச் சிறுபான்மையினரின் உரிமைகளோடு ஒரே கோரிக்கைப் பட்டியலில் எழுதச் சொல்கிறது.